மூணு மாசக் கனவுகள்

எங்கள் பாட்டியிடம் கனவைச் சொல்லப் போனால் என்ன கனவு என்று முதலில் கேட்க மாட்டார். "எப்பக் கண்ட?" என்பார். ராத்திரி மெயில் போறதுக்கு முன்னாடியா, பின்னாடியா? ஜாகாக்காரர் மூணு மணி அடிச்சது காதுல விழுந்துச்சா? இதெல்லாம் தெரிந்த பிறகுதான் கனவுக்குள் வருவார். பாம்போ, செத்துப்போன தாத்தாவோ, வெள்ளமோ, எது வந்தாலும் கடைசியில் ஒரு தேதி சொல்லுவார். "தீபாவளிக்குள்ள தெரிஞ்சிரும்." "தைப்பூசத்துக்கு முன்னாடி ஒரு சேதி வரும்."

சிலிம் ரிவர் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் முப்பது வருஷத்துக்கு மேல் பால்மரம் வெட்டியவர் அவர். எழுத்துக் கூட்டி வாசிப்பார், அவ்வளவுதான். பெரும்பாலும் மூணு மாசத்தையே அவர் தவணையாகச் சொல்கிறார் என்பதைச் சின்ன வயதிலேயே கவனித்திருந்தேன். ஆடியில் கண்டால் தீபாவளி, ஐப்பசியில் கண்டால் தைப்பூசம். வாயில் வந்ததைச் சொல்கிறார் என்று நினைத்துக்கொண்டேன். அது தப்பு என்று புரிய எனக்கு நாற்பது வயதாயிற்று.

பொன்னவன் பெயரில் வழங்கும் 'கனா நூல்' தமிழில் கனவுக்கென்றே செய்யப்பட்ட சிறிய செய்யுள் நூல். அதன் பெரும்பகுதி நமக்குத் தெரிந்த சங்கதிதான். இதைக் கண்டால் நல்லது, அதைக் கண்டால் கெட்டது என்று போகும். யானை ஏறினால் உயர்வு, எருமை ஏறினால் சாவு. இப்படி ஒரு பட்டியல் உலகத்தில் எல்லா மொழியிலும் இருக்கிறது. எனக்கு அதில் பெரிய ஆர்வம் இல்லை. ஆனால் அந்த நூலில் ஒரே ஒரு பாட்டு வேறு வேலை செய்கிறது. அது கனவில் வந்ததைப் பற்றிப் பேசவே இல்லை. இரவை நான்கு சாமமாகப் பிரித்து ஒவ்வொன்றுக்கும் ஒரு கெடு வைக்கிறது. முதல் சாமத்துக் கனவு ஓர் ஆண்டில் பலிக்கும். இரண்டாம் சாமம் என்றால் எட்டு மாதம். மூன்றாம் சாமத்துக்கு மூன்று மாதம். கடைசிச் சாமத்துக் கனவுக்குப் பத்தே நாள். சமஸ்கிருதக் கனவு நூல்களிலும் இதே போன்ற கணக்கு உண்டு, எண்கள் மட்டும் கொஞ்சம் மாறும். இரண்டாம் சாமத்துக்கு ஆறு மாதம் என்பார்கள்.

இதைப் பலன் சொல்லும் பாட்டு என்று வாசித்தால் ஒன்றுமில்லை. நாட்காட்டியாக வாசித்துப் பாருங்கள். உலகத்து நாட்காட்டிகள் எல்லாம் சூரியனையோ சந்திரனையோ நம்பி இருக்கின்றன. இந்த ஒன்று தூங்குகிறவனின் உடம்பை நம்பி இருக்கிறது. விழிப்புக்குப் பக்கத்தில் வர வர எதிர்காலமும் பக்கத்தில் வருகிறது. தூக்கத்தின் தொடக்கத்தில் கிடந்த கனவு வருஷக்கணக்கில் தள்ளி நிற்கிறது, விடியலை ஒட்டிய கனவு அடுத்த வாரத்தில் நிற்கிறது. ஓர் இரவின் நீளத்தை ஓர் ஆண்டின் மேல் விரித்துப் போட்ட மாதிரி. ஆனால் சமமாக விரிக்கவில்லை. ஒரு வருஷம், எட்டு மாதம், மூன்று மாதம், பத்து நாள் என்று சரிவு போகப் போகச் செங்குத்தாகிறது. இப்படி யோசித்தவர் யாராக இருந்தாலும் கவிஞர்தான்.

இன்று மளிகைக் கடையில் கொடுக்கும் கிழிப்புக் காலண்டரின் பின்பக்கத்தில் பல்லி விழும் பலனோடு கனவுப் பலனும் அச்சாகிறது. நான் பார்த்தவற்றில் பாம்பும் யானையும் அப்படியே இருந்தன, சாமக் கணக்கு இல்லை. சுவாரசியமான பகுதியை எடுத்துவிட்டுச் சக்கையை வைத்துக்கொண்டோம் என்பது என் எண்ணம்.

இலக்கியம் இந்தக் கணக்கை எப்படி எடுத்துக்கொண்டது? சிலப்பதிகாரத்தில் இரண்டு பெரிய கனவுகள். கனாத்திறம் உரைத்த காதையில் கண்ணகி தன் கனவைத் தேவந்தியிடம் சொல்கிறாள். எந்தச் சாமம் என்ற பேச்சே இல்லை. சோமகுண்டம், சூரியகுண்டம் முழுகிக் காமவேளைத் தொழு என்ற பரிகாரத்தை அவள் ஒரே சொல்லில் மறுக்கிறாள், அதற்குள் கோவலன் வாசலுக்கு வந்துவிடுகிறான். அடைக்கலக் காதையில் கோவலன் மாடலனிடம் சொல்வது வேறு மாதிரி. எருமை ஏறியதாக, துணி பறிபோனதாக, மணிமேகலையை மாதவி போதியறவோனிடம் ஒப்படைத்ததாகக் கண்டிருக்கிறான். நள்ளிரவுச் சாமத்தில் கண்டதாக நேரத்தையும் சொல்கிறான். கனா நூல் கணக்கில் பார்த்தால் நள்ளிரவு என்பது எட்டு மாதத்துக்கும் மூன்று மாதத்துக்கும் நடுவில் கிடக்கிறது. கோவலனோ இது சீக்கிரமே நடந்துவிடும் என்கிறான். ஓரிரு நாளில் வெட்டுப்படுகிறான். நனவு மாதிரியே இருந்தது என்று அவன் சொல்வதைத்தான் நான் பிடித்துக்கொள்வேன். இளங்கோவுக்குக் கெடுவைத் தீர்மானிப்பது மணி அல்ல, கனவின் தெளிவு. அட்டவணைக்கும் காப்பியத்துக்கும் உள்ள வித்தியாசம் இது. ஆனால் எங்கள் பாட்டி காப்பியத்தின் பக்கம் இல்லை, அட்டவணையின் பக்கம்.

அட்டவணைக்குள் ஒரு மனிதர் ஒளிந்திருக்கிறார். இருட்டியதும் படுத்து, சூரியன் வந்தபின் எழுந்திருப்பவர், அல்லது அப்படி எழுந்திருக்க வசதி உள்ளவர். கடைசிச் சாமம் என்பது விடிவதற்கு முந்தைய மூன்று மணி நேரம். 1953இல் சிகாகோவில் அசெரின்ஸ்கியும் கிளைட்மனும் தூக்கத்தில் கண் வேகமாக அசையும் கட்டத்தைக் கண்டு எழுதினார்கள். தெளிவான கனவுகள் பெரும்பாலும் அந்தக் கட்டத்தில் வருகின்றன, அது தூக்கத்தின் பிற்பகுதியில்தான் நீளமாக வருகிறது. அப்படியென்றால் விடியும்வரை தூங்குகிறவருக்கு நினைவில் நிற்கும் கனவுகளில் அதிகமானவை நான்காம் சாமத்தில் விழும். அவருடைய கனவுகள் பத்து நாள் கனவுகள். அவருக்கு எதிர்காலம் எப்போதும் அடுத்த தெருவில் இருக்கிறது.

இப்போது தோட்டத்துக்கு வருவோம். வெயில் ஏறுவதற்கு முன்னால் மரத்தில் பால் நன்றாக ஓடும். அதனால் பெரட்டு இருட்டிலேயே நடக்கும். பாட்டி நாலு மணிக்கு எழுந்து அடுப்பு மூட்டி, கட்டுச்சோறு கட்டி, பிள்ளைகளைத் தூக்கத்தோடு அள்ளிக்கொண்டு போய் ஆயாக் கொட்டகையில் போட்டுவிட்டுப் பெரட்டுக் களத்தில் நிற்க வேண்டும். இரவு எட்டு, எட்டரைக்கெல்லாம் லயத்தில் விளக்கு அணைந்துவிடும்.

கடிகாரத்தையும் கணக்கில் சேர்க்க வேண்டும். 1981 முடியும்வரை தீபகற்ப மலேசியாவின் நேரம் கிரீன்விச்சுக்கு ஏழரை மணி முன்னால். சிலிம் ரிவரின் உண்மையான சூரிய நேரம் அதிலிருந்து முக்கால் மணி பின்னால். அதனால் விடிவது ஏறக்குறைய ஆறே முக்காலுக்கு. மூன்றாம் சாமம் பன்னிரண்டே முக்காலில் தொடங்கி மூன்றே முக்காலில் முடிகிறது. நான்காம் சாமம் அங்கிருந்து ஆறே முக்கால்வரை. எட்டரைக்குப் படுத்து நாலு மணிக்கு எழுகிறவரின் தூக்கத்தில் கனவு மண்டிய கடைசிப் பகுதி ஒன்றரையிலிருந்து நாலு வரை. ஏறக்குறைய முழுசாகவே மூன்றாம் சாமம்.

மூணு மாசம்!

ஒரு தாளில் இந்தக் கூட்டல் கழித்தலைப் போட்டு முடித்தபோது எனக்குப் பாட்டியிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும் போல இருந்தது. அவர் வாயில் வந்ததைச் சொல்லவில்லை. பரம்பரையாகக் காதில் விழுந்த ஒரு விதியை ஒழுங்காகப் போட்டுத்தான் தேதி சொல்லியிருக்கிறார். நாலாம் சாமத்தைத் தோட்டம் எடுத்துக்கொண்டது. பத்து நாளில் பலிக்கும் கனவு காண பால்மரக்காரர்களுக்கு நேரமே இல்லை. எங்கள் லயத்தில் நல்லது கெட்டது எல்லாமே மூணு மாசம் தள்ளித்தான் வரும். எங்களைப் போன்ற பிள்ளைகளின் நாலாம் சாமமோ, அம்மாவின் தோளில், பெரட்டுக்குப் போகும் வழியில் ஆடிக்கொண்டே கழிந்தது. அதில் கண்ட கனவுகளுக்கு என்ன கணக்கு என்று யாரும் சொல்லவில்லை.

1982 ஜனவரி முதல் தேதி அரசாங்கம் நேரத்தை அரை மணி முன்னே தள்ளியது. பதினொன்றரை மணி பன்னிரண்டானது. "அந்த அரை மணியில கண்ட கனவு என்னடா ஆவும்?" என்று பாட்டி கேட்டதை வீட்டில் நகைச்சுவையாகச் சொல்வார்கள். கணக்குப் போட்டால் அது இரண்டாம் சாமம். எட்டு மாதக் கனவுகள் கொஞ்சம் தொலைந்திருக்கும்.

நான் படித்த வரையில் நம் தோட்டத்துக் கதைகளில் பெரட்டு வருகிறது, தண்டல் வருகிறார், கள்ளுக்கடை வருகிறது. தூக்கம் வருவதில்லை. வரும் கனவுகளும் பெரும்பாலும் சாவுக்கு முன்னறிவிப்பாக வந்து கதையை நகர்த்திவிட்டுப் போகின்றன. நாலு மணிக்கு எழுந்தே ஆக வேண்டும் என்ற உடம்பு எப்படித் தூங்கும், எதைக் கனவு காணும் என்பதை எழுதிக் காட்டினால் அதுவே தோட்டத்தின் வரலாறாக இருக்கும். இதைக் குறையாகத்தான் சொல்கிறேன்.

சிலிம் ரிவருக்குப் பின்னால் மலையில் இன்னொரு கனவு முறை இருந்ததாக உலகமே ஒரு காலத்தில் நம்பியது. அதையும் இங்கே பேசியாக வேண்டும், ஏனென்றால் அது உண்மையிலேயே ஒருவர் இட்டுக்கட்டியது. கில்டன் ஸ்டூவர்ட் என்ற அமெரிக்கர் 1934இல் மலாயா வந்தார். தைப்பிங்கில் உள்ள பேராக் அருங்காட்சியகத்தின் இனவியலாளர் எச்.டி. நூனின் துணையோடு தெமியார் மக்களிடம் சில வாரங்கள் தங்கினார். 1938இல் மறுபடி ஒரு முறை வந்து போனார். அவர்கள் மொழியைச் சரியாக அறியாதவர். 1951இல் 'மலாயாவில் கனவுக் கோட்பாடு' என்ற பொருள்படும் தலைப்பில் ஒரு கட்டுரை எழுதினார். அதில் செனோய் வீடு எதுவும் காலைப் பசியாறலின்போது ஒரு கனவு மருத்துவமனையாகிவிடுகிறது. அப்பாவும் அண்ணன்மாரும் பிள்ளைகளின் கனவைக் கேட்டு, ஆராய்ந்து, அடுத்த இரவு என்ன செய்ய வேண்டும் என்று சொல்லிக் கொடுக்கிறார்கள். விழுகிற கனவு வந்தால் பயப்படாதே, விழுந்து பற. எதிரி வந்தால் எதிர்கொள். கனவிலிருந்து ஒரு பரிசு கொண்டு வா. இதனால் அங்கே இரண்டு மூன்று நூற்றாண்டுகளாக வன்முறைக் குற்றமே கிடையாது!

1969இல் சார்ல்ஸ் டார்ட் தொகுத்த புத்தகத்தில் கட்டுரை மறுபடி அச்சானதும் அமெரிக்காவில் செனோய் கனவுப் பட்டறைகள் முளைத்தன. 1985இல் டோம்ஹாஃப் என்பவர் ஸ்டூவர்ட்டின் முந்தைய ஆய்வேட்டையும் பிறகு வந்த களப்பணிகளையும் ஒப்பிட்டு, அந்தக் காலைப் பசியாறல் மருத்துவமனை அங்கே இருந்ததே இல்லை என்று எழுதினார். 1960களில் செமாய் மக்களோடு வாழ்ந்த ராபர்ட் டென்டனும் அப்படி எதையும் பார்க்கவில்லை. இரண்டு நூற்றாண்டு அமைதி பற்றிச் சொல்வதானால், அவசரகாலத்தில் இதே மக்களிலிருந்து ஆள் சேர்த்து 1956இல் செனோய் பிராக் என்ற படையையே அரசு அமைத்தது.

ஸ்டூவர்ட்டின் கட்டுரையைப் பொய் என்று தள்ளிவிடுவது சுலபம். எனக்கு அதில் உறுத்துவது அந்தக் காலை. ஒரு குடும்பம் நிதானமாக உட்கார்ந்து, அப்பா எங்கும் ஓடாமல், பிள்ளை சொல்வதைக் கேட்கும் அந்தக் காலைப் பொழுது. அது தெமியார் வீட்டுக் காலை இல்லை. அலுவலகத்துக்கு ஓடும் அமெரிக்க அப்பாவுக்குக் கிடைக்காத காலை. தன் ஊரில் இல்லாததைப் பேராக் காட்டில் வைத்துவிட்டு வந்திருக்கிறார்.

உண்மையில் அவர்களிடம் இருந்தது இதைவிட நல்ல விஷயம். பெரும்பாலான கனவுகளை ஒன்றுமில்லை என்று விட்டுவிடுகிறார்கள். எப்போதாவது ஒரு கனவில் ஒரு மரத்தின், மலையின், விலங்கின் ஆவி வந்து ஒரு பாட்டைக் கொடுக்கும். அதற்குப் பிறகு அந்தப் பாட்டு கண்டவருக்குரியது. நோய் கண்டபோது அவர் பாட, பெண்கள் மூங்கில் குழாய்களைத் தரையில் தட்டிக்கொண்டே திருப்பிப் பாடுகிறார்கள். மரீனா ரோஸ்மன் 1991இல் தெமியார் இசை பற்றி வெளியிட்ட நூல் இதை விரிவாகச் சொல்கிறது. அங்கே கனவு தேதி கொடுப்பதில்லை, பாட்டு கொடுக்கிறது. கெடு கிடையாது. எப்போது தேவையோ அப்போது.

இதை எழுதும்போது வெட்கமாகவும் இருக்கிறது. செமாய்க்காரர்கள் பெத்தாய்க் கட்டும் டுரியானும் சுமந்துகொண்டு எங்கள் லயத்துப் பக்கம் வருவார்கள். மலாய்க்காரர்கள் இளக்காரமாகச் சொன்ன 'சக்காய்' என்ற பேரையே நம்மவர்களும் சொன்னார்கள். விலை பேசினோம். ஒரு தடவைகூட யாரும் அவர்களிடம் கனவைப் பற்றிக் கேட்டதாக எனக்கு நினைவில்லை. பாட்டிகூடக் கேட்கவில்லை. அமெரிக்காவிலிருந்து வந்தவராவது கேட்டார், தப்பாகக் கேட்டுக்கொண்டார் என்றாலும்.

ஸ்டூவர்ட்டை அழைத்துப்போன நூன், ஜப்பானியர் வந்தபோது காட்டுக்குள் போனார், 1943இல் அங்கேயே கொல்லப்பட்டார். சிலிம் ரிவரில் போர் நடந்தது 1942 ஜனவரி 7. பல நாள் சரியான தூக்கமில்லாமல் கிடந்த படைகளின் மேல் விடியுமுன் இருட்டில் டாங்கிகள் வந்தன. அடுத்த மாதம் சிங்கப்பூரும் விழ, கடிகாரம் தோக்கியோ நேரத்துக்கு மாறியது, ஒன்றரை மணி முன்னே. காலண்டரில் வருஷம் 2602 ஆனது. அந்த வருஷங்களில்தான் சயாம் ரயில் பாதைக்குத் தோட்டத்து ஆட்களைப் பிடித்துக்கொண்டு போனார்கள். பாட்டியின் அப்பாவும் போனார்.

பாட்டிக்கு அப்போது ஏழெட்டு வயது. அவருடைய அம்மா ஒரு ராத்திரி கனவு கண்டிருக்கிறார். அவர் வந்து வாசலில் காலைக் கழுவிக்கொண்டு நிற்கிறார், முகம் நனவு போலத் தெளிவாக இருக்கிறது. முழித்தபோது ஜாகாக்காரர் நாலு அடித்து ஓய்ந்திருந்தார். மணிக் கணக்கில் நாலு என்றால் கடைசிச் சாமம், பத்து நாளில் வந்துவிடுவார் என்று லயத்துப் பெண்கள் சொன்னார்கள். அடுத்த வீட்டுக் கிழவி மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை. வெளியே வந்து வானத்தைப் பார்த்துவிட்டு, "இது ஜப்பான்காரன் நாலு. இன்னும் மூணாஞ்சாமமே முடியல. மூணு மாசம் பொறு" என்றாராம்.

கிழவி சொன்னது சரி. தோக்கியோ நேரத்தில் நாலு மணி என்றால் சிலிம் ரிவர் வானத்தில் இரண்டுகூட ஆகியிருக்காது. ஒரே கனவு, கடிகாரத்தைக் கேட்டால் பத்து நாள், நட்சத்திரத்தைக் கேட்டால் மூன்று மாதம். கனா நூலை எழுதியவர் இப்படி ஒரு சிக்கல் வரும் என்று நினைத்திருக்க மாட்டார். இந்த அட்டவணையில் பலிப்பதும் பலிக்காததும் எனக்கு முக்கியமில்லாமல் போனது இந்தக் கதையைக் கேட்ட பிறகுதான். மூன்று மாதத்தில் எதுவும் நடக்கலாம், எதையும் பலித்தது என்று சொல்லிவிடலாம் என்பது எனக்கும் தெரியும். ஆனால் அந்த வீட்டில் வேறு யாரிடமிருந்தும் ஒரு தேதி வரவில்லை. கம்பெனி சொல்லவில்லை, ஜப்பான்காரன் சொல்லவில்லை, கடிதம் இல்லை. தேதி சொன்னது இந்த ஒரு பாட்டு மட்டும்தான்.

பாட்டியின் அம்மா இரண்டையும் எண்ணியிருக்கிறார். முதலில் பத்து நாள், சுவரில் கரிக்கோடு போட்டு. அது முடிந்ததும் மூன்று மாதம்.

"அப்புறம்?" என்று கேட்டேன்.

"பத்து நாளும் போச்சு, மூணு மாசமும் போச்சு."

"அப்புறம் என்ன செஞ்சாங்க?"

"என்ன செய்வாங்க, மரவள்ளி நட்டோம்ல. கெழங்கு பிடுங்கப் போனாங்க. போயிட்டு வந்து சொவத்துக்குச் சுண்ணாம்பு அடிச்சாங்க."